கறுப்பு மையில் நான் தொலைத்த ஓடை

“…ரெண்டும் ஒண்ணுதான் அண்ணாச்சி. மேலூர்க்காரன் கீழோடைம்பான், கீழூர்க்காரன் மேலோடைம்பான். எழுதிக்கிட்டு நிழலப் பாத்து உக்காருங்க. இந்த வெயில்ல என்னத்துக்கு அலையுதீங்க?”

சொன்னவர் ரெங்கம்மா. நாகலாபுரம் பக்கம் ஒரு சிற்றூரில் ஆடு மேய்ப்பவர். மழையை நம்பிக் கொஞ்சம் விவசாயமும் உண்டு. ஆட்டைத் தெலுங்கிலும் மனுசரைத் தமிழிலும் வைவார். அன்று என்னை வையவில்லை, அதிலேயே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. அவர் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டு நிழலில் போய் உட்கார்ந்தேன்.

இந்தக் கதையை இப்போது எழுதக் காரணம் ஒரு போன். போன மாதம், நான் வேலை பார்த்த நீரளவுப் பிரிவில் புதிதாகச் சேர்ந்த பொறியாளர் ஒருவர் கூப்பிட்டார். “ஐயா, ட்ரோன் விட்டு ஒரே காலையில நாகலாபுரம் பக்கத்து ஓடையெல்லாம் படம் புடிச்சுட்டோம். அந்தப் புது ரோட்டுல ரெண்டு பாலம் இருக்கு. ஆனா உங்க பழைய புக்குல முதல்ல ஒரு ஓடைன்னு கறுப்பு மையில எழுதி, அப்புறம் அடிச்சு, ரெண்டுன்னு திருத்திக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க. என்ன விசயம்?” என்று கேட்டார். போனில் சொல்லி முடிகிற விசயமா அது? எழுதியே தருகிறேன் என்றேன்.

நான் படித்தது பத்தாம் வகுப்பு வரை. கோவில்பட்டியில் இருந்த எங்கள் பிரிவு அலுவலகத்தில் நிலம் அளக்கும் செயினை இழுக்கும் ஆளாகச் சேர்ந்தேன். ஆறு மாதம் கொடி பிடித்தேன், ஆறு மாதம் செயின் பிடித்தேன், அதற்கப்புறம் மட்டம் பார்க்கும் லெவல் மெஷினைத் தோளில் தூக்கிக்கொண்டு அலைந்தேன். மத்தியானம் எல்லாரும் சாப்பிட்டுக் கண்ணயரும்போது அதன் குழாய்க்குள் நைசாகப் பார்ப்பேன். முதன்முதலில் தெரிந்தது வானத்தில் காலை வைத்துக்கொண்டு மேய்கிற ஒரு எருமை. பழைய மெஷினில் எல்லாமே தலைகீழாகத்தான் தெரியும். அந்த எருமையை நேராக்கிப் புரிந்துகொண்ட அன்றைக்கு எனக்குத் தொழில் பிடிபட்டுவிட்டது. மீதியெல்லாம் பார்த்துப் பார்த்துப் படித்ததுதான். பணி ஆய்வாளராக ஓய்வு பெற்றேன்.

எங்கள் வேலை ஓடைகளைக் கண்டுபிடித்து, அளந்து, பட்டியலில் ஏற்றுவது. ஓடையைக் கண்டுபிடிக்க வேண்டுமா என்று வெளியூர்க்காரர்கள் சிரிப்பார்கள். தாமிரபரணிக் கரையில் பிறந்தவர்களுக்கு அந்தச் சிரிப்பு பொருந்தும். எங்கள் கரிசல் காட்டில் வருசத்தில் ஒரு வாரம் தண்ணீர் போனாலே அது மதிப்பான ஓடை. மற்ற நாளில் அதற்குள் வண்டி போகும், ஆடு போகும், சீமைக்கருவேலம் முளைக்கும். மழை பெய்தாலும் முதல் தண்ணீரை நிலத்து வெடிப்பு குடித்துவிடும். வெடிப்பு வயிறு நிறைந்து மூடிய பிறகுதான் மிச்சத் தண்ணீர் ஓடைக்கு வரும். விளாத்திகுளம் பக்கம் ஒரு பெரியவரிடம், “உங்க ஊரு ஓடையில எவ்வளவு தண்ணி வரும்?” என்று கேட்டேன். “தண்ணி வாரன்னைக்கு நாங்க அங்கன போக மாட்டோம், நாங்க போறன்னைக்குத் தண்ணி இருக்காது. ரெண்டு பேரும் இன்னும் மூஞ்சி பாத்துக்கிட்டதில்ல” என்றார். இப்படி ஜனங்கள் சொல்கிறதையெல்லாம் புத்தகத்தின் கடைசிப் பக்கங்களில் குறித்து வைப்பேன். அளவுகள் முன்பக்கம், பேச்சு பின்பக்கம். பின்பக்கந்தான் சீக்கிரம் நிறையும்.

ஓடுகிற தண்ணீரின் வேகத்தை எப்படி அளந்தீர்கள் என்று அந்தப் புதுப் பொறியாளர் கேட்டார். அதற்கு மீட்டர் உண்டு. ஆனால் ஓடை ஓடுகிற அன்றைக்கு மீட்டர் வேறு ஊரில் இருக்கும். ஆகவே, நுங்கு எடுத்த வெறும் பனங்காய். கரையில் இரண்டு கம்பு நடுவோம், இடையில் ஐம்பது மீட்டர். மேல் கம்புக்குக் கொஞ்சம் முன்பே பனங்காயைப் போட்டுவிட வேண்டும், தண்ணீரோடு அது ஒரு சீரான ஓட்டத்துக்கு வந்துவிடும். பனங்காய் முக்கால்வாசி முங்கித்தான் மிதக்கும், காற்று தள்ளாது. மேல் கம்பைத் தாண்டும்போது ஒருவர் கையைத் தூக்குவார், கீழ்க் கம்பைத் தாண்டும்போது இன்னொருவர். நடுவில் நிற்கிறவர் கடிகாரத்தைப் பார்ப்பார். மூன்று முறை போட்டுச் சராசரி எடுப்போம். மேல் தண்ணீர் வேகமாகப் போகும், அடித் தண்ணீர் மெதுவாகப் போகும் என்பதால் கணக்கில் கொஞ்சம் குறைத்துக்கொள்வோம்.

ஒருமுறை வைப்பாற்றில் போட்ட காய் மூன்று தடவையும் கீழ்க் கம்புக்கு வந்து சேரவில்லை. சுழல் ஏதும் இருக்கிறதோ என்று பயந்து நடந்து போய்ப் பார்த்தால், வளைவில் குளித்துக்கொண்டிருந்த ஒருவர் மூன்று பனங்காயையும் கரையில் வரிசையாக அடுக்கி வைத்திருக்கிறார். “அண்ணாச்சி, உங்க காய் ஒவ்வொண்ணா விழுந்துக்கிட்டே வருது. பாத்துப் புடிச்சுக்கிடக் கூடாதா? எத்தனைக்குத்தான் நான் நீந்த?” என்றார். அன்று பதிவேட்டில் வேகம் ஏறவில்லை.

இனி எங்கள் வசந்தா மேடத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். உதவிப் பொறியாளராக வந்தவர். எங்கள் ஜீப்பில் ஏறிய முதல் நாளே செருப்பைக் கழற்றிப் பைக்குள் வைத்துவிட்டு ஈரக் கரிசலில் வெறுங்காலோடு இறங்கினார். ஈரக் கரிசலில் செருப்போடு நடந்தால் பத்து எட்டுக்குள் ஒவ்வொரு காலிலும் ஒரு மண்பானை ஒட்டிக்கொள்ளும். அது தெரிந்த ஆள் என்று அப்போதே எங்களுக்குள் பேசிக்கொண்டோம். பிளாஸ்க்கில் கொண்டுவருகிற டீயை முதலில் கடப்பாரை பிடிக்கிறவருக்கு ஊற்றிக் கொடுப்பார், கடைசியில்தான் தனக்கு. சத்தம் போட மாட்டார். கோபம் வந்தால் மரியாதை கூடும், பேச்சு பாடப்புத்தகத்துக்குப் போய்விடும். “தாங்கள் நேரில் சென்று பார்த்தீர்களா?” என்று ஆரம்பித்தாரானால் டிரைவர்கூட ஜீப்பை விட்டு இறங்கி நிற்பார்.

என்னிடம் அந்தத் தமிழை அவர் முதலில் பேசியது கழுகுமலைப் பக்கத்து ஓடை ஒன்றினால். எங்கள் பக்கம் மேல என்றால் மேற்கு, கீழ என்றால் கிழக்கு. நான் மேற்கில் இருக்கிற ஊருக்குப் போய் ஓடையின் பேர் கேட்டேன். கீழோடை என்றார்கள். எழுதிக்கொண்டேன். மறுநாள் கிழக்கு ஊருக்குப் போனேன். மேலோடை என்றார்கள். அதையும் எழுதிக்கொண்டேன். வரைபடத்தில் இரண்டு ஓடை பக்கத்துப் பக்கத்தில் அழகாக ஓடியது. மேடம் நேரில் வந்து ஒரு ஓடையைத் தாண்டினார், அடுத்த ஓடையைத் தேடி நடந்தார், நடந்துகொண்டே கிழக்கு ஊர் டீக்கடைக்கே வந்து சேர்ந்துவிட்டார். “தங்களுடைய இரண்டாவது ஓடையை எங்கே வைத்திருக்கிறீர்கள்?” என்று கேட்டார். மேற்கு ஊர்க்காரர்களுக்குக் கிழக்கே இருப்பதால் கீழோடை, கிழக்கு ஊர்க்காரர்களுக்கு மேற்கே இருப்பதால் மேலோடை. இருந்தது ஒன்றே ஒன்று.

அன்றைக்கு அவர் ஒரு சட்டம் போட்டார். கண்ணால் பார்த்ததைக் கறுப்பு மையில் எழுத வேண்டும், காதால் கேட்டதை நீல மையில் எழுத வேண்டும். அழிக்கக் கூடாது. தப்பென்றால் உள்ளே இருக்கிறது வாசிக்கத் தெரிகிற மாதிரி ஒரே கோடு போட்டு அடித்து, காரணம் எழுதி, கையெழுத்துப் போட வேண்டும். அதற்கப்புறம் எதைக் கொண்டுபோய்க் கொடுத்தாலும் நிமிராமலே கேட்பார்: “பார்த்ததா, கேட்டதா?” என் சட்டைப் பையில் எப்போதும் இரண்டு பேனா. வீட்டில் எழுதுகிற கடை லிஸ்ட்டில்கூட என் சம்சாரம் சொன்னது நீலத்தில் இருக்கும்.

அந்தச் சட்டத்தை நான் மீறியது ஒரே ஒரு முறை.

நாகலாபுரம் பக்கம் ஒரு மண்பாதையை உயர்த்திக் கரை போட்டுத் தார்ச்சாலை ஆக்கும் வேலை வந்தது. எத்தனை ஓடை குறுக்கே வருகிறது, எங்கெங்கே பாலம் வேண்டும் என்று நாங்கள் பட்டியல் கொடுக்க வேண்டும். ஆவணி மாத வெயில். ஊர்ப் பேர்களைக் கேட்டு வருகையில் மேலோடை, கீழோடை என்று இரண்டு பேர் கிடைத்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கழுகுமலையில் பாடம் படித்தவன் அல்லவா! ஆனாலும் உறுதிப்படுத்திக்கொள்ளலாம் என்று, எதிரே ஆட்டோடு வந்த ரெங்கம்மாவைக் கேட்டேன். அவர் சொன்ன பதிலைத்தான் முதலிலேயே எழுதிவிட்டேன். நான் மனதுக்குள் என்ன நினைத்திருந்தேனோ அதையே சொன்னார். ஒரு ஓடையை மேற்கே பார்த்திருந்தேன். நின்ற இடத்திலிருந்து கிழக்கே பார்த்தால் டிராக்டர் உழுத கரிசல் பாய் விரித்த மாதிரிக் கிடந்தது. நடந்து போய்ப் பார்க்க அரை மணி நேரம் ஆகியிருக்கும். போகவில்லை. ‘பெயர் இரண்டு, ஓடை ஒன்றே’ என்று எழுதினேன், கறுப்பு மையில். மேடம், “பார்த்ததா, கேட்டதா?” என்றார். “பாத்தது மேடம்” என்றேன்.

பாலம் ஒன்று போதும் என்று முடிவாகிச் சாலைக்காரர்கள் கரை போட்டுவிட்டார்கள். ஐப்பசியில் ஒரு நடுத்தர மழை. மறுநாள் காலை பத்து மணிக்கு, முழங்கால் வரை வேட்டி நனைந்த ஒருவர் அலுவலகத்துக்கு வந்தார். சவரிமுத்து என்று பேர், தையல்காரர், கரைக்கு வடக்கே இருக்கும் பன்னிரண்டு வீட்டுக் குடியிருப்பைச் சேர்ந்தவர். “அம்மா, எங்க தெருவுல தண்ணி வந்து நிக்கி. போறதுக்கு வழியக் காணும். மெஷினு கட்டில்ல படுத்திருக்கு, நாங்க தரையில நிக்கோம்” என்றார். சிரிக்கிற மாதிரித்தான் சொன்னார். மேடம் சிரிக்கவில்லை, என் பக்கம் திரும்பினார். “தாங்கள் பார்த்த அந்த ஒரே ஓடையை எனக்கும் ஒருமுறை காட்டுவீர்களா?”

மழை ஓய்ந்ததும் போனோம். கரைக்கு வடக்கே தண்ணீர் கண்மாய் மாதிரி நின்றது. தெற்கே தண்ணீர் தேங்காத நிலம், அதில் உளுந்து கும்மென்று நிற்கிறது. சுற்றி முள்வேலி. உளுந்து ரெங்கம்மாவுடையது. வேலிக்கு வெளியே ஆட்டோடு நின்றார். சாலைப் பிரிவுப் பொறியாளரும் வந்திருந்தார். கெட்டவர் இல்லை, அவசரக்காரர். “தண்ணி நிக்குது, ஒத்துக்கறேன். பாலம் வச்சா அந்தப் பக்கம் அது போக ஓடை வேணுமில்ல? அந்தப் பக்கம் உளுந்துல்ல நிக்கி! யாரோ வயலுக்குள்ள தண்ணியத் தொறந்துவிட்டேன்னு நாளைக்கு என்மேல கேஸ் வரும். உங்க ஆளே கறுப்பு மையில எழுதிக் குடுத்திருக்காரு, ஓடை ஒண்ணுதான்னு. மதியம் மூணு மணிக்குத் திரும்ப இந்த வழியா வாரேன். எனக்கு ஓடையக் காட்டுங்க, பாலம் வைக்கேன். இல்லன்னா நாளைக்குக் காலையில ஜல்லி விரிக்கணும்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். மேற்கே மேகம் கறுத்துக்கொண்டு வந்தது. இன்னொரு மழைக்குச் சவரிமுத்து வீட்டு மண்சுவர் தாங்காது. நான் போய் அதைத் தொட்டுப் பார்த்தேன், கை பதிந்தது.

மேடம் ஒரு கயிறு கட்டினார், கரையை ஒட்டிக் கிழக்கு மேற்காக, வேலிக்கு வெளியே. பத்து எட்டுக்கு ஒரு குழி, இடுப்பளவு ஆழம். உழுத நிலம் மேலே ஒரே மாதிரி தெரிந்தாலும் அடியில் இருப்பதை உழவு தொடாது, அங்கே ஓடை படுத்திருந்தால் மணல் இருக்கும் என்றார். முதல் குழி கரிசல். இரண்டாவது குழி கரிசல், கடப்பாரையில் அல்வா மாதிரி ஒட்டியது. மூன்றாவதும் கரிசல். நான்காவது குழியில் முழங்கால் ஆழத்துக்குக் கீழே கடப்பாரை ‘சர்ரக்’ என்றது. மேடம் குனிந்து ஒரு கை அள்ளி, பிளாஸ்க்கில் இருந்த வெந்நீரை ஊற்றிக் கழுவினார். கையில் வெள்ளை மணல், உருண்டு உருண்டு வழவழப்பான கூழாங்கல், ஒரு நத்தை ஓடு.

ரெங்கம்மா எட்டிப் பார்த்தார். “அது எங்க வீடு கட்டும்போது கொட்டுன மணலு மேடம்.”

சவரிமுத்து விடவில்லை. “ஏ ரெங்கம்மா, உன் வீடே ஓலை வீடு. எந்தக் காலத்துல மணல் கொட்டுன? நத்தைக்கும் சேத்தா வீடு கட்டுன?”

குழி வெட்டியவர்கள் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். ரெங்கம்மாவுக்கும் சிரிப்பு வந்தது, அதை முந்தானையால் துடைத்துக்கொண்டார். “என்ன செய்யச் சொல்லுதிய? நாலு வருசத்துக்கு ஒருக்காத்தான் தண்ணி அடிச்சிட்டுப் போவும். மத்த வருசம் இந்த ஈரத்துலதான் என் வெள்ளாமையே. அண்ணாச்சி புக்கும் கையுமா வந்து நிக்கவும், ஓடைன்னு எழுதிட்டாவன்னா வெதைக்க விட மாட்டாவன்னு பயந்துட்டேன். வாய்க்கு வந்தது, சொல்லிட்டேன்.”

ஆக, பேரை வைத்து நான் ஏமாந்த ஒரு பாடம், அதே பேரை வைத்து என்னை ஏமாற்ற அவருக்கு உதவியிருக்கிறது. இங்கே மேலோடையும் உண்டு, கீழோடையும் உண்டு.

குழி எங்களுக்குச் சாட்சி. ஆனால் அந்தப் பொறியாளர் கேட்டது கண்ணுக்குத் தெரிகிற ஓடை. உளுந்துக்குள் ஒரு சரிவு இருந்தது, முழங்கால் ஆழம்கூட இல்லை. செடி மறைத்துக்கொண்டு நின்றதால் தூரத்திலிருந்து பார்த்தால் சமநிலம்தான். மூன்று மணிக்குள் செடி போனால்தான் சரிவு தெரியும், அறுத்தெடுக்க ஆள் இல்லை, நேரமும் இல்லை. மேடம் ரெங்கம்மாவிடம் ஒன்றும் கேட்கவில்லை. காய் பிடித்த வெள்ளாமையை அழி என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை.

நான் லெவல் புத்தகத்தை எடுத்தேன். என் கறுப்பு வரியின் மேல் ஒரு கோடு போட்டேன். ‘ஓடைகள் இரண்டு. நேரில் பார்க்காமல் பார்த்ததாக எழுதியது என் தவறு’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மேடம் பார்த்துக்கொண்டே நின்றார். “தெளிவா எழுதுங்க, படிக்கணும்ல” என்றார். அது சாதாரணத் தமிழாக இருந்ததில் எனக்கு உயிர் வந்தது.

“என்ன எழுதுதீங்க அண்ணாச்சி?” என்று ரெங்கம்மா கேட்டார். வாசித்துக் காட்டினேன்.

“என் பேரு அதுல இல்லையே?”

“சொன்னது நீ தாயி. போயிப் பாக்காம எழுதுனது நான். புக்கு என்னுதுல்லா.”

அப்போது சவரிமுத்து மேடத்திடம் மெதுவாகச் சொன்னார், “அம்மா, உளுந்து காய் முத்துறதுக்கு இன்னும் ஒரு மாசமாவது வேணும். அது அவ வருசச் சாப்பாடு. நாங்க பிள்ளைகளக் கூட்டிக்கிட்டு கோயில்ல போயித் தங்கிக்கிடுதோம். ஜல்லி விரிச்சா விரிக்கட்டும், பெறகு எப்படியாவது மனுக் குடுத்துப் பாப்போம்.”

ரெங்கம்மா சட்டென்று அவர் பக்கம் திரும்பினார். “மெஷினையும் கோயிலுக்குத் தூக்கிட்டுப் போவியாக்கும்? அங்கன பூசை நடக்கும்போது டர்ருன்னு சட்டை தைப்பியோ? பெரிய தருமராசா! ஒன்ன யாருலே கேட்டா?”

கேட்டுவிட்டு விறுவிறுவென்று போய், வேலி முள்ளை இரண்டு கையாலும் இழுத்து ஓரமாகப் போட்டார். வாயால் ஒரு சத்தம் கொடுத்தார். ஆட்டு மந்தை வேலி திறந்த இடம் வரை வந்து நின்றுவிட்டது. அந்த வயலுக்குள் வாய் வைத்தால் முதுகில் கம்பு விழும் என்பது ஆட்டுக்குப் பழகிய விசயம். ஒன்றும் உள்ளே கால் வைக்கவில்லை. ரெங்கம்மா கையிலிருந்த கம்பைத் தூர எறிந்தார். தானே உளுந்துக்குள் இறங்கி, காயோடு ஒரு செடியை வேரோடு பிடுங்கி, முன்னால் நின்ற கிடாயின் வாயில் ஊட்டினார்.